நிச்சயம் ஒன்று, காதல் ஒன்று: குஜராத்திக் கதைகள் சொல்லும் கல்யாண வரலாறு

காந்தியடிகளுக்கு மூன்று முறை நிச்சயதார்த்தம் நடந்தது என்ற செய்தி பலருக்குத் தெரிந்திருக்காது. அவரே தன் சுயசரிதையில் இதை எழுதியிருக்கிறார். முதலில் பேசி முடித்த இரண்டு பெண்களும் ஒருவர் பின் ஒருவராக இறந்துபோனார்கள். மூன்றாவதாக நிச்சயிக்கப்பட்டவர்தான் கஸ்தூரிபாய். அப்போது காந்திக்கு வயது ஏழு! கல்யாணம் நடந்தபோது பதின்மூன்று. இதில் வேடிக்கை என்னவென்றால், இந்த நிச்சயங்கள் அவருக்குத் தெரியாமலேயே நடந்தவை. பிற்பாடு வீட்டில் சொல்லித்தான் கணக்குப் போட்டுப் பார்த்திருக்கிறார்.

அதே இடத்தில் இன்னொரு விஷயத்தையும் அவர் விளக்குகிறார். நிச்சயம் வேறு, கல்யாணம் வேறு. நிச்சயம் என்பது இரண்டு வீட்டுப் பெற்றோர்கள் தங்களுக்குள் செய்துகொள்ளும் ஒப்பந்தம். அதை முறிக்கவே கூடாது என்று கிடையாது. பையன் இறந்துவிட்டால் அந்தப் பெண்ணை யாரும் விதவை என்று சொல்ல மாட்டார்கள். பல நேரங்களில் பிள்ளைகளுக்கு விஷயமே தெரியாது.

இது ஊர் வழக்கம் சொன்னது. ஆனால் அதே குஜராத்தில் மக்கள் விரும்பிப் படித்த கதைகளையும், பார்த்த நாடகங்களையும் சினிமாக்களையும் எடுத்துப் பார்த்தால் ஓர் ஆச்சரியம் காத்திருக்கிறது. கதாசிரியர்கள் இதற்கு நேர் எதிரான ஒன்றைத் திரும்பத் திரும்பச் சொல்லியிருக்கிறார்கள். "பெரியவர்கள் பேசிய பேச்சு பெரியவர்களோடு போய்விடுவதில்லை. எந்த இரண்டு பேருக்காகப் பேசினீர்களோ அவர்கள் மனதில் அது வேர் விட்டுவிடுகிறது. பிறகு உங்கள் இஷ்டத்துக்கு அதைப் பிடுங்க முடியாது" என்பதுதான் அந்தக் கதைகளின் சாரம்.

காதல் என்றாலே பெற்றோர் பார்த்த கல்யாணத்துக்கு எதிரி என்றுதான் பொதுவாக நினைக்கிறோம். குஜராத்தி கதைகளில் அப்படி இல்லை. அங்கே பல பெரிய காதல்கள் பிறந்ததே பெற்றோர் செய்த நிச்சயத்தில்தான். எப்படி என்று பார்க்கலாம்.

கல்யாணம் என்ற கணக்கு:

முதலில் அந்தக் காலத்துக் கல்யாணம் எப்படி நடந்தது என்று தெரிந்துகொள்ள வேண்டும். நிச்சயத்துக்கு குஜராத்தியில் 'சகாய்' என்றும் 'வேவிஷால்' என்றும் பெயர். சம்பந்தியை 'வேவாய்' என்பார்கள்.

மத்திய குஜராத்தில் சரோத்தர் என்று ஒரு செழிப்பான பகுதி உண்டு. புகையிலையும் பருத்தியும் விளையும் பூமி. அங்கே பட்டிதார்களில் 'சா காம்' என்று ஆறு ஊர்க்காரர்கள் தங்களை மற்றவர்களைவிட உயர்ந்தவர்களாகக் கருதினார்கள். நடியாத், வசோ, கரம்சத், தர்மஜ், சோஜித்ரா, பாத்ரன் என்பவை அந்த ஆறு ஊர்கள். இந்த ஊர்களில் பெண் கொடுக்க மற்ற ஊர்க்காரர்கள் போட்டி போட்டார்கள். போட்டி என்றால் பணம்தான். மாப்பிள்ளையின் குலத்துக்கு ஏற்ப வரதட்சணை ஏறியது.

இதன் விளைவு கொடூரமானது. பெண் குழந்தை பிறந்தாலே கடன் என்று ஆனது. கேடா மாவட்டத்தில் பட்டிதார்களிடையே பெண் குழந்தைகளின் எண்ணிக்கை மிகக் குறைவாக இருப்பதைப் பிரிட்டிஷ் அதிகாரிகள் கவனித்து விசாரித்தார்கள். 1870-ல் பெண் சிசுக்கொலைத் தடுப்புச் சட்டம் வந்தது. வரதட்சணைச் சுமை தாங்காத ஊர்கள் தங்களுக்குள் 'கோள்' என்ற கல்யாண வட்டங்களை அமைத்துக்கொண்டன. வட்டத்துக்குள்தான் பெண் கொடுக்க வேண்டும், எடுக்க வேண்டும். மீறினால் அபராதம்.

வடக்கே ஊஞ்சா என்ற ஊர் கட்வா பட்டிதார்களின் குலதெய்வமான உமியா மாதா கோயில் இருக்கும் இடம். அங்கே இன்னும் விசித்திரமான வழக்கம் இருந்தது. அந்தச் சமூகத்தில் பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறைதான் கல்யாண முகூர்த்தம் வரும். அந்த நாளைத் தவறவிட்டால் இன்னும் பத்தாண்டு காத்திருக்க வேண்டும் என்பதால் தொட்டிலில் கிடக்கும் குழந்தைகளுக்குக் கூடக் கல்யாணம் செய்து வைத்துவிடுவார்கள். மாப்பிள்ளை கிடைக்காத பெண்ணைப் பூங்கொத்துக்குக் கட்டி வைப்பதும் உண்டு!

இப்படிப்பட்ட ஊரில் 'காதல்' என்ற சொல்லுக்கு எங்கே இடம்? கதைகளில்தான்.

செம்புக் குடமும் கூத்து மேடையும்:

அச்சுப் புத்தகம் வருவதற்கு முன்னால் குஜராத்தில் கதை சொல்வது ஒரு தொழில். 'மாணபட்' என்று அழைக்கப்பட்ட கதைசொல்லிகள் ஒரு செம்புக் குடத்தை முன்னால் வைத்துக்கொண்டு, விரல்களில் மோதிரம் அணிந்து அதில் தாளம் போட்டபடி இரவு முழுவதும் பாடுவார்கள். இவர்களில் மிகப் பெரியவர் 17-ஆம் நூற்றாண்டில் வடோதராவில் வாழ்ந்த பிரேமானந்த். அவருடைய 'ஓகாஹரண்' கதையைச் சித்திரை மாதத்தில் படிக்கும் வழக்கம் குஜராத்தில் உண்டு.

ஓகா என்பவள் நமக்குத் தெரிந்த உஷாதான். பாணாசுரனின் மகள். அப்பா அவளைப் பூட்டி வைக்கிறான். அவளோ கனவில் ஒருவனைப் பார்த்துவிடுகிறாள். தோழி சித்திரலேகா ஒவ்வொரு படமாக வரைந்து காட்ட, கடைசியில் கிருஷ்ணனின் பேரன் அநிருத்தன் என்று தெரிகிறது. தூங்குபவனைக் கட்டிலோடு தூக்கி வருகிறாள் தோழி. பிறகு பெரிய யுத்தம் நடக்கிறது. எல்லாம் முடிந்து கடைசியில் என்ன நடக்கிறது? இரண்டு குடும்பமும் சம்பந்திகளாக உட்கார்ந்து ஊரறியக் கல்யாணம்! காதல் எவ்வளவு தூரம் ஓடினாலும் கடைசியில் மணப்பந்தலுக்கு வந்து சேர வேண்டும் என்று கேட்பவர்கள் எதிர்பார்த்தார்கள்.

அதே பிரேமானந்த் 1683-ல் 'குன்வர்பாய்னு மாமேரு' என்று ஒரு கதையைப் பாடினார். இதில் காதலே கிடையாது. பக்தர் நரசிம்ம மேத்தாவின் மகள் குன்வர்பாய்க்குச் சீமந்தம். பிறந்த வீட்டிலிருந்து சீர் வர வேண்டும். அப்பாவோ பரம ஏழை. மாமியார் வீட்டார் அவரைக் கேலி செய்வதற்காகவே நீளமான பட்டியல் ஒன்றைப் போட்டு அனுப்புகிறார்கள். கடவுளே வந்து சீர் செய்கிறார் என்று கதை முடிகிறது. கடவுள் வந்தால்தான் சம்பந்தி வீட்டாரைத் திருப்திப்படுத்த முடியும் என்பதைக் கேட்ட பெண்கள் எந்த அர்த்தத்தில் எடுத்துக்கொண்டிருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

18-ஆம் நூற்றாண்டில் சாமள் பட் வந்தார். இவர் கதைகளில் வரும் பெண்கள் வேறு ரகம். படித்தவர்கள், விடுகதை போடுபவர்கள், சாதி பார்க்காமல் தங்கள் கணவனைத் தாங்களே தேர்ந்தெடுப்பவர்கள். ஆனால் இதெல்லாம் ராஜா ராணி காலத்தில், விக்கிரமாதித்தன் உலகத்தில் நடக்கும். பக்கத்து வீட்டில் நடக்காது. அதனால் யாருக்கும் கோபம் வரவில்லை.

பக்கத்து வீட்டைக் காட்டியது 'பவாயி' என்ற தெருக்கூத்து. அதில் 'கஜோடா' என்று ஒரு வேஷம் உண்டு. பொருத்தமில்லாத ஜோடி என்று அர்த்தம். வயது வந்த பெண் ஒருத்தி, அவளுக்குக் கணவனாக ஒரு பொடியன்! கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும். பவாயியைத் தொடங்கி வைத்தவராகக் கருதப்படும் அசாயித் டாக்கர் அதே ஊஞ்சாவைச் சேர்ந்தவர் என்பது கவனிக்க வேண்டிய விஷயம். தொட்டில் கல்யாணம் நடந்த பூமியில்தான் அந்தச் சிரிப்பும் பிறந்தது.

வாக்குத் தவறியவன்:

சௌராஷ்டிரப் பகுதியில் சாரணர்கள் என்ற பாணர் குலத்தார் பாடி வந்த கதைகள் தனி வகை. இவற்றை ஊர் ஊராக அலைந்து தொகுத்தவர் ஜவேர்சந்த் மேகாணி. அவருடைய 'சௌராஷ்டிரனி ரசதார்' 1923 முதல் 1927 வரை ஐந்து தொகுதிகளாக வந்தது.

அவர் சேகரித்த கதைகளில் இரண்டு மிகப் பிரபலம்.

ஒன்று, சேணி - விஜாணந்த். விஜாணந்த் யாழ் போன்ற 'ஜந்தர்' என்ற வாத்தியம் வாசிக்கும் ஏழை. சேணி பணக்கார வீட்டுப் பெண். அப்பா ஒரு நிபந்தனை போடுகிறார். வெள்ளைப் புள்ளிகள் கொண்ட அரிய வகை எருமைகள் 101, ஒரு வருடத்துக்குள் கொண்டு வந்தால் பெண். விஜாணந்த் ஊர் ஊராகப் போய் வாசித்து எருமைகளைச் சேர்க்கிறான். திரும்பி வரும்போது கெடு முடிந்துவிட்டது. சேணி இமயமலைப் பனியில் உடலைக் கரைத்துக்கொள்ளப் போய்விட்டாள். அவன் தேடிப் போய் வாசிக்க, அதைக் கேட்டபடியே அவள் உயிர் பிரிகிறது.

இன்னொன்று, மேஹ் - உஜளி. பர்டா மலைப்பகுதியில் மழையில் நனைந்து விறைத்துப்போன ஒருவனை உஜளி என்ற சாரணப் பெண் தன் உடல் சூட்டைக் கொடுத்துக் காப்பாற்றுகிறாள். அவன் கூம்லியின் இளவரசன் மேஹ். காதல் வளர்கிறது. ஆனால் கல்யாணம் என்று வரும்போது "சாரணப் பெண் ராஜபுத்திரனுக்குத் தங்கை முறை" என்று அவன் ஒதுங்கிவிடுகிறான். உஜளியின் சாபம் அவனைப் பிடிக்கிறது.

இரண்டிலும் உள்ள ஒற்றுமை என்ன? கதையின் நடுவில் இருப்பது அழகோ வீரமோ இல்லை. ஒரு வாக்கு. நாள் தவறினாலும் உயிர் போகிறது. மனம் மாறினாலும் சாபம் விழுகிறது. வாக்குக் கொடுத்தவன் இளவரசனாக இருந்தாலும் கதை அவனை விடுவதில்லை. பின்னால் வந்த நாவலாசிரியர்கள் கையில் எடுத்துக்கொண்டது இந்த ஆயுதத்தைத்தான்.

லலிதாவின் கண்ணீர்:

1866-ல் ரண்சோட்பாய் உதயராம் 'லலிதா துக்கதர்சக்' என்ற நாடகத்தை வெளியிட்டார். லலிதா நற்குணமுள்ள, படித்த பெண். குலப்பெருமை பார்த்து அவளை நந்தன்குமார் என்ற உருப்படாதவனுக்குக் கட்டி வைக்கிறார்கள். அவள் வாழ்க்கை சீரழிந்து முடிகிறது. நாடகம் பெரும் புகழ் பெற்றது. அதன் பிறகு 'நந்தன்' என்ற பெயரே குஜராத்தியில் உதவாக்கரைக் கணவனைக் குறிக்கும் சொல்லாகிவிட்டது!

மேடையில் மட்டுமல்ல, வெளியிலும் புயல் வீசியது. 1871-ல் மும்பையில் மாதவ்தாஸ் ருக்நாத்தாஸ் என்ற குஜராத்தி வணிகர், தன்கோர் என்ற விதவைப் பெண்ணை மணந்துகொண்டார். விதவை மறுமணச் சட்டம் 1856-லேயே வந்துவிட்டது. ஆனால் சட்டம் வேறு, சாதி வேறு. சாதிக்காரர்கள் அவரை ஒதுக்கி வைத்தார்கள். 1884-ல் பார்சி எழுத்தாளர் பெஹ்ராம்ஜி மலபாரி குழந்தை மணத்தையும் கட்டாய விதவைக் கோலத்தையும் எதிர்த்து எழுதிய குறிப்புகள் நாடு முழுவதும் விவாதத்தைக் கிளப்பின. அந்த விவாதத்தின் தொடர்ச்சியாக 1891-ல் சம்மத வயதுச் சட்டம் வந்தது. சட்டம் உயர்த்திய வயது எவ்வளவு தெரியுமா? பத்திலிருந்து பன்னிரண்டு. அதற்கே நாடு முழுக்க எதிர்ப்பு!

குமுத்:

இந்தச் சூழலில்தான் குஜராத்தி இலக்கியத்தின் மிகப் பெரிய நாவல் வந்தது. நடியாதில் பிறந்த கோவர்தன்ராம் திரிபாதி எழுதிய 'சரஸ்வதிசந்திரா'. 1887 முதல் 1901 வரை நான்கு பாகங்கள். மும்பையில் வக்கீலாக இருந்தவர், நல்ல வருமானத்தை விட்டுவிட்டு எழுதுவதற்காகவே சொந்த ஊர் திரும்பினார்.

கதை இதுதான். மும்பையின் பணக்கார வணிகர் மகன் சரஸ்வதிசந்திரன். ரத்னநகரி சமஸ்தானத்து மந்திரி வித்யாசதுரின் மூத்த மகள் குமுத். பெரியவர்கள் நிச்சயம் செய்கிறார்கள். நிச்சயமான இருவரும் கடிதம் எழுதிக்கொள்கிறார்கள். கடிதத்தில் காதல் வளர்கிறது. கவனியுங்கள், இது திருட்டுக் காதல் அல்ல. பெற்றோர் வைத்த விளக்கில் ஏற்றிய சுடர்.

பிறகு சித்தி குமானின் தூண்டுதலால் அப்பாவுக்கும் மகனுக்கும் மனக்கசப்பு. சரஸ்வதிசந்திரன் வீட்டை விட்டு வெளியேறுகிறான். தியாகம் என்று அவன் நினைக்கிறான். ஆனால் அந்தத் தியாகத்தின் விலையை யார் கொடுத்தது? மாப்பிள்ளை ஓடிப்போன பெண்ணை வீட்டில் வைத்திருக்க முடியுமா? குமுத்தை அவசர அவசரமாகச் சுவர்ணபுர மந்திரி புத்திதனின் மகன் பிரமாத்தனுக்குக் கட்டிவைக்கிறார்கள். அவன் ஒழுக்கம் கெட்டவன்.

சரஸ்வதிசந்திரன் நவீன்சந்திரன் என்ற பொய்ப்பெயரில் அதே வீட்டுக்கு வந்து தங்குகிறான். ஒரே கூரையின் கீழ் அவள் இன்னொருவன் மனைவி. அவள் மனதால் யாருக்குச் சொந்தம், தர்மத்தால் யாருக்குச் சொந்தம்? நாவலின் புகழ்பெற்ற பகுதிகள் இந்தப் போராட்டத்தில்தான் இருக்கின்றன.

பின்னர் குமுத் விதவையாகிறாள். சுந்தரகிரி என்ற மலையில் சாதுக்களின் இடத்தில் இருவரும் மீண்டும் சந்திக்கிறார்கள். இப்போது தடை ஏதும் இல்லை. சட்டம் அனுமதிக்கிறது. அவனும் தயார். வாசகர்கள் பதினான்கு வருடமாகக் காத்திருந்த இடம் இது.

ஆனால் கோவர்தன்ராம் சேர்த்து வைக்கவில்லை. குமுத் மறுமணத்தை மறுத்து, தன் தங்கை குசுமைச் சரஸ்வதிசந்திரனுக்குக் கட்டி வைக்கிறாள்.

இந்த முடிவு பற்றி குஜராத்தில் விவாதம் ஓயவேயில்லை. கோவர்தன்ராமுக்குத் துணிச்சல் இல்லை என்பார்கள் சிலர். குமுத் தன் முடிவைத் தானே எடுத்தாள், அதுதான் பெரிய விஷயம் என்பார்கள் சிலர். இரண்டிலும் உண்மை இருக்கிறது. பதினான்கு ஆண்டுகளுக்கு முன் அவளைக் கேட்காமல் கல்யாணம் செய்து வைத்தார்கள். கடைசிப் பாகத்தில் அவள் தீர்மானிக்கிறாள். ஆனால் தீர்மானிக்கும் உரிமை கிடைத்த அந்த இடத்திலும் அவள் தேர்ந்தெடுத்தது துறவு. வாக்குத் தவறியவன் அவன். ஆயுள் முழுக்கத் தனியாக இருந்தவள் அவள்.

நாவல் முடிந்து 25 ஆண்டுகள் கழித்து, 1926-ல், குஜராத்தின் இன்னொரு பெரிய நாவலாசிரியர் கே.எம்.முன்ஷி ஒரு காரியம் செய்தார். அவரும் சிறுவயதில் பெற்றோர் பார்த்த பெண்ணை மணந்தவர்தான். மனைவி இறந்தபின், எழுத்தாளரும் விதவையுமான லீலாவதியை மணந்துகொண்டார். முன்ஷி பிராமணர், லீலாவதி ஜைனர். கதையில் முடியாதது நிஜத்தில் முடிந்தது.

"நீங்கள் பேசியதுதானே?"

1939-ல் ஜவேர்சந்த் மேகாணியின் 'வேவிஷால்' நாவல் நூலாக வந்தது. தலைப்பே நிச்சயதார்த்தம்!

சுக்லால், சுசீலா இருவருக்கும் சிறுவயதிலேயே நிச்சயம் ஆகிவிட்டது. அப்போது இரண்டு குடும்பமும் சமம். பிறகு சுசீலாவின் குடும்பம் மும்பை போய்ப் பெரும் பணக்காரர்கள் ஆகிவிடுகிறது. சுக்லாலின் குடும்பம் சௌராஷ்டிர கிராமத்தில் நொடித்துப்போகிறது. இப்போது சுசீலாவின் பெரியப்பாவுக்கு இந்தச் சம்பந்தம் அவமானமாகத் தெரிகிறது. எப்படியாவது முறிக்க வேண்டும் என்று பார்க்கிறார்.

ஆனால் சுசீலா அசைவதில்லை. கூட்டுக்குடும்பத்தின் மூத்த பெண்மணியான பெரியம்மாவும் கணவர் பக்கம் நிற்காமல் அவள் பக்கம் நிற்கிறாள். கடைசியில் சுக்லாலும் சுசீலாவும் சேர்கிறார்கள்.

இங்கே மேகாணி செய்திருக்கும் காரியம் சாமர்த்தியமானது. பெற்றோர் பேச்சை மீறிக் காதலிக்கும் பெண்ணை 1939-ல் காட்டியிருந்தால் பாதி வாசகர்கள் புத்தகத்தை மூடியிருப்பார்கள். சுசீலா மீறவில்லை. "நீங்கள் பேசியதுதானே? நான் அதைத்தான் காப்பாற்றுகிறேன்" என்பதுதான் அவள் நிலை. பெரியவர்கள் பதில் சொல்ல முடியாது. குலம், வாக்கு, மானம் என்று அவர்கள் பயன்படுத்தும் அத்தனை சொற்களும் அவள் பக்கம் வந்துவிடுகின்றன. பணத்துக்காக வாக்குத் தவறுகிறவர்கள் அவர்கள் என்று ஆகிவிடுகிறது.

குழந்தை நிச்சயம் என்ற கெட்ட வழக்கத்துக்குள்ளிருந்தே ஒரு பெண் தன் சம்மதத்தை வெளியே எடுக்கிறாள். எனக்கு இவன்தான் வேண்டும் என்று சொல்ல அவளுக்குக் கிடைத்த ஒரே சொல் 'நிச்சயம்'.

பஞ்சமும் விஷ ரொட்டியும்:

பன்னாலால் பட்டேல் பள்ளிப் படிப்பைப் பாதியில் நிறுத்தியவர். ராஜஸ்தான் எல்லையோரக் கிராமத்தில் பிறந்து, 1985-ல் ஞானபீட விருது வாங்கியவர். அவருடைய இரண்டு நாவல்களைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் இந்த விஷயம் முழுமையாகப் புரியும்.

1947-ல் வந்த 'மானவினி பவாயி'யில் காளுவும் ராஜுவும் குழந்தையிலேயே நிச்சயமானவர்கள். காளுவின் அப்பா இறந்தபின் உறவினர்களின் பொறாமையும் சூழ்ச்சியும் அந்த நிச்சயத்தை முறிக்கின்றன. இருவருக்கும் வேறு வேறு இடத்தில் கல்யாணம் ஆகிறது. ஆனாலும் மனம் முறியவில்லை. பிறகு 'சப்பனியோ' என்று குஜராத்திகள் இன்றும் சொல்லும் 1899-1900 பெரும் பஞ்சம் வருகிறது. விக்கிரம ஆண்டு 1956-ல் வந்ததால் அந்தப் பெயர். மாடு மனிதன் எல்லாம் மடிகிற அந்தக் காலத்தில், உயிர் போகும் நிலையில் கிடக்கும் காளுவை ராஜு தன் மார்போடு அணைத்துக் காப்பாற்றுகிறாள். மழை வருகிறது. கதை முடிகிறது. ஊரார் முறித்த உறவை நாவல் உயிரோடு வைத்திருக்கிறது.

அதற்கு முன்பே 1941-ல் வந்தது 'மளேலா ஜீவ்'. இதில் நிச்சயம் கிடையாது. கான்ஜி பட்டேல் சாதி. ஜீவி நாவிதர் குலப் பெண். ஜன்மாஷ்டமித் திருவிழாவில், ராட்டினத்தில் சந்தித்துக் காதல். கல்யாணம் நடக்காது என்று இருவருக்கும் தெரியும். கான்ஜி ஒரு யோசனை செய்கிறான். தன் ஊரிலேயே இருக்கும் தூளோ என்ற நாவிதனுக்கு ஜீவியைக் கட்டி வைத்தால் கண்ணால் பார்த்துக்கொண்டாவது இருக்கலாம்! ஆம், இங்கே பெண்ணுக்குக் கல்யாணம் பேசி முடிப்பவன் காதலனே!

தூளோ சந்தேகப்பட்டு அவளை அடிக்கிறான். கான்ஜி ஊரை விட்டே போய்விடுகிறான். ஜீவி தான் சாவதற்காக விஷம் கலந்து செய்த ரொட்டியைத் தூளோ தெரியாமல் சாப்பிட்டு இறந்துபோகிறான். ஊர் அவளைப் பழிக்கிறது. அவளுக்குப் புத்தி பேதலிக்கிறது. கடைசியில் கான்ஜி திரும்பி வந்து ஊரறிய அவளைக் கூட்டிப் போகிறான்.

நிச்சயமான ராஜுவுக்கு வாசகனின் அனுதாபத்தோடு ஊரின் அனுதாபமும் கொஞ்சம் இருக்கிறது. நிச்சயம் என்ற கவசம் இல்லாத ஜீவிக்கு அதுவும் இல்லை. இவளுக்காக யாரும் யாரிடமும் வாக்குக் கொடுக்கவில்லை. அதனால் அவள் பைத்தியமான பிறகுதான் கதை அவளுக்குக் கதவைத் திறக்கிறது. வாக்கு என்ற ஆயுதத்தின் எல்லை இங்கே தெரிந்துவிடுகிறது. ஒரே சாதிக்குள், ஒரே வட்டத்துக்குள் பேசி வைத்தவர்களுக்குத்தான் அது உதவும். வட்டத்துக்கு வெளியே காதலித்தவர்களைக் கைவிட்டுவிடும்.

'மளேலா ஜீவ்' 1956-ல் குஜராத்தியில் படமானது. 1996-ல் கன்னடத்தில் 'ஜனுமத ஜோடி' என்ற பெயரில் வந்ததும் இந்தக் கதைதான். 'மானவினி பவாயி' 1993-ல் உபேந்திர திரிவேதி இயக்கத்தில் படமானது.

குமுத்துக்குக் கிடைத்த கல்யாணம்:

கடைசியாக மறுபடியும் குமுத்திடம் வருவோம்.

1968-ல் 'சரஸ்வதிசந்திரா' ஹிந்தியில் படமாக வந்தது. கோவிந்த் சரையா இயக்கம், குமுத்தாக நூதன், கல்யாண்ஜி ஆனந்த்ஜி இசை. இசைக்கும் ஒளிப்பதிவுக்கும் தேசிய விருது கிடைத்தது. அதற்குள் நாடு சுதந்திரம் அடைந்து 21 ஆண்டுகள் ஆகிவிட்டன. 1955-ல் இந்து திருமணச் சட்டம் வந்துவிட்டது. ஆனாலும் படத்தில் குமுத் மறுமணம் செய்துகொள்ளவில்லை. வெள்ளைப் புடவையோடு தங்கையின் கல்யாணத்துக்கு வழிவிடுகிறாள். ரசிகர்கள் அழுதார்கள், ஏற்றுக்கொண்டார்கள்.

2013-ல் சஞ்சய் லீலா பன்சாலி தயாரிப்பில் அதே கதை தொலைக்காட்சித் தொடரானது. 2014 வரை ஓடியது. இந்த முறை சரஸ்வதிசந்திரனுக்கும் குமுத்துக்கும் கல்யாணம் நடந்தது.

தொடரில் நாவலின் ஆழம் இருந்ததா என்பது வேறு விஷயம். வழக்கமான சீரியல் திருப்பங்கள் எல்லாம் அதிலும் இருந்தன. ஆனால் ஒரு வரலாற்று உண்மையை அது காட்டுகிறது. 1901-ல் எழுத முடியாத முடிவு, 1968-ல் காட்ட முடியாத முடிவு, 2013-ல் மாலை நேரத்தில் குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கும் முடிவாகிவிட்டது. குமுத் கல்யாணப் புடவை கட்ட 112 வருடம் ஆனது!

சட்டம் எப்போது மாறியது என்று தெரிந்துகொள்ள அரசுப் பதிவேடுகளைப் பார்க்கலாம். மனது எப்போது மாறியது என்று தெரிய வேண்டுமானால் அந்த ஊரின் கதைகளைத்தான் பார்க்க வேண்டும். விதவை மறுமணத்துக்குச் சட்டம் 1856-ல் கிடைத்தது. கதைக்குள் அனுமதி கிடைக்க அதைவிட எவ்வளவோ காலம் பிடித்தது.

ஆனால் ஜீவியின் பிரச்சினை அப்படித் தீர்ந்துவிடவில்லை. நிச்சயம் செய்தவர்கள் சேர்வதை இன்று எல்லோரும் கைதட்டி வரவேற்கிறார்கள். யாரும் நிச்சயம் செய்யாத, சாதி மாறிய காதலுக்குக் கதைகளும் நிஜமும் இன்னும் கஷ்டமான வழியைத்தான் வைத்திருக்கின்றன. இது குஜராத்துக்கு மட்டும் உரிய விஷயம் இல்லை.

ஏழு வயதுப் பையனைக் கேட்காமல் பெரியவர்கள் பேசி முடித்தது ஒரு காலம். அந்தப் பேச்சைப் பிடித்துக்கொண்டு "இது எங்கள் விஷயம்" என்று குமுத்தும் சுசீலாவும் ராஜுவும் சொன்னது அடுத்த காலம். யாரும் பேசி வைக்காமலேயே ஒருத்தி "இது என் விஷயம்" என்று சொல்லி, பைத்தியம் ஆகாமல், சாகாமல், ஊருக்குள் நடந்து வர முடிகிற காலம்தான் மூன்றாவது. அந்தக் கதையைக் குஜராத்தி மட்டுமல்ல, எல்லா மொழிகளும் இன்னும் எழுதிக்கொண்டுதான் இருக்கின்றன.